செவிலி கூற்று

‘பாலும் பழமும்’ படத்தை நான் மூன்று தடவை பார்த்திருக்கிறேன். முதல் இரண்டு தடவையைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, எல்லோரையும்போல அழுதேன். மூன்றாவது தடவை, 1972 வாக்கில், மகாராணி தியேட்டரில் பழைய படமாக மறுபடி போட்டபோது அக்காவும் கூட வந்தாள். அப்போது அவள் பயிற்சி முடித்து வேலையில் சேர்ந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. சரோஜாதேவி வெள்ளை உடையில் வந்து நின்ற காட்சிகளிலெல்லாம் முன் வரிசை விசிலடித்தது. அக்கா பேசாமல் இருந்தாள். படம் முடிந்து திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் நடந்து வரும்போதுதான் சொன்னாள்: “அவ ஒரு தடவகூட கை கழுவல, பாத்தியாடா?”

நான் சிரித்தேன். அந்தக் காலத்தில் நான் சினிமா பற்றிப் பெரிய அபிப்பிராயங்கள் வைத்திருந்தவன். பிம்பம், யதார்த்தம் என்றெல்லாம் நண்பர்களுடன் இரவு முழுக்கப் பேசுகிறவன். எனக்கு அது சின்ன விஷயமாகப் பட்டது. ஐம்பது வருஷம் கழித்து யோசிக்கும்போது, நர்சுகளைப் பற்றி நம் திரை செய்த விமர்சனத்துக்குரிய காரியம் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தில் இருக்கிறது என்று தோன்றுகிறது. உடையைக் கொடுத்தது, வேலையைக் கொடுக்கவில்லை.

‘செவிலியர்’ என்ற சொல் நமக்கு அரசாங்கத் தமிழ் வழியாக வந்தது. வார்டில் யாரும் அதைச் சொல்வதில்லை. சிஸ்டர் என்பார்கள், வயசானவர்கள் நர்ஸம்மா என்பார்கள். ஆனால் அந்தச் சொல்லைத் தேர்ந்தெடுத்தவர்கள் அகப் பாடல்களின் செவிலித் தாயை மனதில் வைத்துத்தான் தேர்ந்திருக்க வேண்டும். பெற்றவள் நற்றாய், வளர்த்தவள் செவிலி. தலைவி உடன்போக்குப் போய்விட்டால் பாலை வழியில் தேடிக்கொண்டு போகிறவள் செவிலிதான். கலித்தொகையில் எதிரே வரும் அந்தணர்களை நிறுத்தி, இப்படி ஒரு பெண்ணைப் பார்த்தீர்களா என்று கேட்கிறாள். அவள் வளர்த்த உழைப்பைப் பற்றிப் பாட்டில் அதிகம் இராது. அவளுடைய பதைப்பு இருக்கும். ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும். தொல்காப்பியம் யார் யார் எப்போது பேசலாம் என்று வகுக்கையில் செவிலிக்கும் கூற்று வைத்திருக்கிறது. அவள் துணைப்பாத்திரம்தான். ஆனாலும் தன் குரலில் பேச இடமுண்டு. நம் சினிமா சொல்லின் சென்டிமென்டை எடுத்துக்கொண்டு கூற்றை விட்டுவிட்டது.

இதில் தமிழ் சினிமாவை மட்டும் குற்றம் சொல்வது நியாயமாகாது. இந்தத் தொழில் நவீன வடிவத்தில் பிறக்கும்போதே ஒரு படத்தோடுதான் பிறந்தது. கிரிமியா யுத்தத்தின்போது, 1855 பிப்ரவரியில், லண்டன் படப் பத்திரிகை ஒன்று ஃப்ளோரன்ஸ் நைட்டிங்கேல் கையில் விளக்கோடு இரவில் வார்டைச் சுற்றி வரும் சித்திரத்தை வெளியிட்டது. பத்திரிகை வாசகர்கள் நர்ஸ் என்ற உருவத்தை அதிலிருந்துதான் எடுத்துக்கொண்டார்கள். பின்னால் ஓவியர்கள் அவர் கையில் கொடுத்த மூக்கு வைத்த எண்ணெய் விளக்கும் கற்பனை. அங்கே புழங்கியது துருக்கிய மடக்கு லாந்தர். அந்த அம்மாளுடைய நிஜமான சாதனை வேறு. சிப்பாய்கள் காயத்தால் செத்ததைவிட நோயால், சாக்கடையால் செத்தது அதிகம் என்று 1858-இல் வரைபடம் போட்டுக் காட்டினார். எண்களால் வாதாடிய ஒரு பெண்ணை உலகம் விளக்கேந்திய தேவதையாக ஞாபகம் வைத்துக்கொண்டது. சென்னைப் பொது மருத்துவமனையில் நர்ஸ் பயிற்சி 1871-இல் தொடங்கியது, பதிவுச் சட்டம் 1926-இல் வந்தது. ஆனால் அக்கா வீட்டுச் சுவரில் தொங்கும் பயிற்சிக் காலப் புகைப்படத்தில் எல்லாப் பெண்களும் அந்தத் தப்பான விளக்கைத்தான் பிடித்திருக்கிறார்கள்.

‘பாலும் பழமும்’ வந்தது 1961-இல், பீம்சிங் இயக்கத்தில். கதையை நினைவுபடுத்திக்கொள்ளலாம். நர்ஸ் சாந்தி, புற்றுநோய் ஆராய்ச்சி செய்யும் டாக்டர் ரவிக்கு உதவியாக இருந்து மனைவியாகிறாள். அவளுக்குக் காசநோய் வருகிறது. புருஷனின் ஆராய்ச்சி கெடுமே என்று வீட்டை விட்டுப் போகிறாள். செத்துவிட்டதாக நினைத்து அவர் இன்னொருத்தியைக் கட்டுகிறார். இவள் வெளிநாட்டில் குணமாகித் திரும்பி, பார்வை இழந்துவிட்ட அவருக்கே நர்ஸாக, யாரென்று சொல்லாமல் பணிவிடை செய்கிறாள். கதையின் முடிச்சே அவள் பேசாமல் இருப்பதில் இருக்கிறது. கவனியுங்கள், பேசினால் படம் முடிந்துவிடும்.

இங்கே சரித்திரம் ஒரு வேடிக்கை செய்கிறது. சினிமா நர்ஸ் காசநோய்க்காக வெளிநாடு போன அதே சமயத்தில், அந்த நோய்க்கு உலகத்துக்கே வழி சொன்ன ஊர் சென்னை. 1956-இல் சேத்துப்பட்டில் காசநோய் மருந்துச் சிகிச்சை மையம் என்று ஒன்று தொடங்கியது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், மாகாண அரசு, உலகச் சுகாதார நிறுவனம், பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் குழு எல்லோரும் சேர்ந்து தொடங்கியது. இன்றைக்குத் தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் என்று பெயர். அதுவரை காசநோய் என்றால் சானடோரியம். நல்ல காற்று, நல்ல சாப்பாடு, மாதக்கணக்கில் படுக்கை. அதாவது காசுள்ளவனின் வைத்தியம். சென்னை மையம் ஏழை நோயாளிகளை இரண்டாகப் பிரித்து, ஒரு பாதியைச் சானடோரியத்துக்கு அனுப்பியது. மற்றப் பாதியை நெரிசலான அவரவர் வீட்டிலேயே வைத்து ஒரு வருஷம் மாத்திரை கொடுத்தது. 1959-இல் முடிவு வந்தது. வீட்டில் இருந்தவர்களும் ஏறக்குறைய அதே அளவுக்குக் குணமானார்கள். அரைவயிறு சாப்பிட்டு, ஒரே அறையில் ஆறு பேரோடு படுத்தவர்கள். உலகம் முழுக்கச் சானடோரியங்களின் காலம் முடியத் தொடங்கியதற்கு இந்த முடிவு ஒரு பெரிய காரணம். 1962-இல் வந்த தேசியக் காசநோய்த் திட்டமும் இதன் மேல் கட்டியதுதான்.

ஆனால் வீட்டு வைத்தியம் என்பது மாத்திரையைக் கொடுத்துவிட்டு வருவதல்ல. ஒரு வருஷம் ஒருவனைத் தினசரி மாத்திரை விழுங்க வைப்பது மருந்தைக் கண்டுபிடிப்பதற்குச் சமமான வேலை. அந்த மையத்து நர்சுகளும் சுகாதாரப் பார்வையாளர்களும் முன்னறிவிப்பில்லாமல் வீடு தேடிப் போய் மாத்திரையை எண்ணினார்கள். மருந்து உள்ளே போயிருக்கிறதா என்று சிறுநீரைச் சோதித்தார்கள். சந்து சந்தாக நடந்த அந்தக் கால்களில்தான் அந்த ஆராய்ச்சி நின்றது.

இதை நான் புத்தகத்தில் மட்டும் படித்தவனல்ல. எங்கள் வீடு ராயபுரம் கல்மண்டபத்துக்குப் பின்னால் ஒரு சந்தில். அப்பா துறைமுகத்தில் மூட்டை இறக்குகிற வேலை. 1963-இல் அவருக்கு ரத்தமாக இருமல் வந்தது. வைத்தியம் வீட்டில்தான். எனக்குப் பத்து வயசு, அக்காவுக்குப் பதின்மூன்று. குடையும் தோல் பையும் வைத்துக்கொண்டு ஒரு நர்ஸம்மா வருவார். எந்தக் கிழமை, எந்த நேரம் என்று சொல்ல முடியாது. ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வைத்த மாத்திரையைத் தரையில் ஒரு துணியை விரித்துக் கொட்டி எண்ணுவார். அந்த நாளில் ‘பாஸ்’ என்ற மருந்து. பெரிசு பெரிசாக, ஒரு வேளைக்கு எத்தனையோ விழுங்க வேண்டும், விழுங்கினால் குமட்டும். அப்பா விழுங்குவதுபோல் பாவனை செய்துவிட்டு மாடப் பிறையில் அகல் விளக்குக்குப் பின்னால் ஒளித்து வைப்பார். கணக்கு சரியாக இருக்கும்; ஆள்தான் இளைத்துக்கொண்டே போனார். ஒரு நாள் நர்ஸம்மா தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்துக்கொண்டே நேராகப் போய்ப் பிறையில் கையை விட்டார். எப்படித் தெரிந்தது என்று இன்றும் எனக்குப் புதிர். திட்டவில்லை. ஒரு வார்த்தை பேசவில்லை. வாசற்படியில் குடையைச் சாய்த்து வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டார். “நீங்க போங்கம்மா, நான் போட்டுக்கறேன்” என்றார் அப்பா. “எனக்கு இன்னிக்கு இதுதான் கடைசி வீடு” என்றார் அந்த அம்மாள். அப்பா ஒவ்வொன்றாக விழுங்கினார். முக்கால் மணி நேரம் ஆனது. அக்கா அடுப்படியிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். அப்பா அதற்குப் பிறகு இருபத்திரண்டு வருஷம் இருந்தார்.

நான் பார்த்த எந்தத் தமிழ்ப் படத்திலும் அந்த முக்கால் மணி நேரம் கிடையாது. ஸ்ரீதரின் ‘நெஞ்சில் ஓர் ஆலயம்’ 1962-இல் கதை முழுவதையும் ஒரு ஆஸ்பத்திரிக்குள்ளேயே வைத்தது. ஒளிப்பதிவில் வின்சென்ட் அந்தச் சுவர்களைச் சுவாசிக்க வைத்தார், சந்தேகமில்லை. ஆனால் நாடகம் டாக்டருக்கும் நோயாளிக்கும் நோயாளியின் மனைவிக்கும் நடுவில். நர்சுகள் வராந்தாவில் நடக்கிறார்கள். வங்காளத்தில் அசித் சென் 1959-இல் எடுத்த ‘தீப் ஜ்வெலே ஜாய்’ ஒன்றுதான் அக்காலத்தில் விஷயத்தைக் கிட்ட நெருங்கியது. மனநோயாளியைக் குணப்படுத்த அவனைக் காதலிப்பதுபோல் நடிக்கும்படி நர்ஸை மருத்துவமனை பணிக்கிறது. அவன் தேறிப் போகிறான், அவள் அதே வார்டில் நோயாளியாகிறாள். சுசித்ரா சென் நடித்தது. பிறகு அதே இயக்குநர் இந்தியில் ‘காமோஷி’ என்று வஹீதா ரஹ்மானை வைத்து எடுத்தார். பரிவு என்பதே அவளிடமிருந்து கறக்கப்படும் உழைப்பு என்று அது தெரிந்துகொண்டிருந்தது. நம் படங்களில் நர்ஸின் பரிவு சும்மா கிடைப்பது, காற்றைப்போல.

எண்பதுகளுக்குப் பிறகு நம் வெகுஜன சினிமா இறங்கிய சாக்கடையைப் பற்றி நான் எழுதப் போவதில்லை. நகைச்சுவைப் பகுதியில் ஊசியோடு வரும் நர்ஸ், வார இதழ்த் துணுக்குகளின் நர்ஸ், எல்லோருக்கும் தெரிந்ததுதான். அந்தத் துணுக்குகளைப் படித்துவிட்டு வார்டுக்கு வரும் ஆண் நோயாளிகளை இரவு முழுக்கச் சமாளித்தது யார் என்று மட்டும் நினைத்துக்கொள்ளுங்கள்.

மாற்றம் கேரளத்திலிருந்து வந்தது, அதற்குப் பொருளாதாரக் காரணம் உண்டு. அங்கே நர்ஸ் என்பவள் ஏற்றுமதி. பல குடும்பங்களின் வீடும் கடனும் அவள் தலையில். 2014-இல் ஈராக்கின் திக்ரித்தில் சிக்கி, ஜூலை மாதம் கொச்சிக்குத் திரும்பிய 46 நர்சுகளின் அனுபவத்திலிருந்து மகேஷ் நாராயணன் 2017-இல் ‘டேக் ஆஃப்’ எடுத்தார். பார்வதி நடித்த அந்தப் பெண் தியாகத்துக்காகப் போகவில்லை, கடனுக்காகப் போகிறாள். அந்த 46 பேரில் ஒருவர் தூத்துக்குடிக்காரர். தமிழ் சினிமா அவரைக் கவனித்ததாகத் தெரியவில்லை. 2018 மே மாதம் நிபா நோயாளியைக் கவனித்துத் தானே அந்த நோயில் இறந்த லினி புதுச்சேரியின் கடைசிக் கடிதம் எல்லோருடைய கைபேசிக்கும் வந்தது. அடுத்த வருஷம் ‘வைரஸ்’ படத்தில் அந்த வாழ்க்கையின் சாயல் வந்தது. பாயல் கபாடியாவின் ‘ஆல் வி இமேஜின் அஸ் லைட்’ 2024-இல் கான் விழாவில் கிராண்ட் ப்ரி வாங்கியது. பம்பாயில் வேலை பார்க்கும் மலையாளி நர்சுகள் அதில் சலித்துப்போகிறார்கள், ரயிலில் தூங்குகிறார்கள். ஜெர்மனியிலிருந்து வந்த ஒரு ரைஸ் குக்கரைக் கட்டிக்கொண்டு அழாமல் உட்கார்ந்திருக்கிறாள் ஒருத்தி. நர்ஸுக்குச் சலிப்பு உண்டு என்று ஒப்புக்கொள்ள நமக்கு இவ்வளவு காலம் பிடித்தது.

நம் பக்கத்தில் 2017 தீபாவளிக்கு ‘மெர்சல்’ வந்தது. ஐந்து ரூபாய்க்கு வைத்தியம் பார்க்கும் டாக்டர் கதாநாயகன். ஊரெல்லாம் அதைப் பற்றிப் பேச்சு. அடுத்த மாதக் கடைசியில் தேனாம்பேட்டை டி.எம்.எஸ். வளாகத்தில் அரசு ஒப்பந்த நர்சுகள் ஆயிரக்கணக்கில் வந்து உட்கார்ந்தார்கள். 2015-இல் தேர்வு எழுதி, மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியத்தில் சேர்க்கப்பட்டவர்கள். நிரந்தரம் செய், சம்பளம் கொடு என்பதுதான் கோரிக்கை. உயர்நீதிமன்றம் வேலைக்குத் திரும்பச் சொன்னது, திரும்பினார்கள். ஐந்து ரூபாய் டாக்டரைக் கைதட்டி ரசித்த கூட்டத்துக்கு அவர் பக்கத்தில் நின்ற நர்ஸ் எவ்வளவு வாங்கினாள் என்ற கேள்வி எழவில்லை. படத்திலும் எழவில்லை.

பிறகு 2020. உலகச் சுகாதார நிறுவனம் அந்த வருஷத்தை நர்சுகளின் வருஷம் என்று அறிவித்திருந்தது. மே மாதம் சென்னையின் 15 மண்டலங்களில் கொரோனா அதிகம் இருந்தது எங்கள் ராயபுரம் மண்டலத்தில்தான். மே 3-ஆம் தேதி விமானப்படை ஹெலிகாப்டர்கள் நாட்டின் பல ஆஸ்பத்திரிகள் மேல் பூத் தூவின. அந்தக் காட்சி கைபேசிகளில் சுற்றிக்கொண்டே இருந்தது. மேலிருந்து எடுத்த படம். கீழே நிற்பவர்கள் வெள்ளைப் புள்ளிகளாகத் தெரிந்தார்கள்.

இப்போது கைபேசி அந்தப் புள்ளிகளின் கைக்கு வந்துவிட்டது. இதுதான் புதிது, இதைப் பற்றித்தான் நம் விமர்சகர்கள் முகம் சுளிக்கிறார்கள். 2019 ஜூனில் ஒடிசாவின் மல்காங்கிரி மாவட்ட ஆஸ்பத்திரியில், பச்சிளம் குழந்தைகளுக்கான சிறப்புப் பிரிவில் நர்சுகள் சிலர் ஆடிப் பாடி டிக்டாக்கில் போட்டார்கள். படம் பரவியது. விளக்கம் கேட்டு நோட்டீஸ், கட்டாய விடுப்பு. அந்த இடத்தில் எடுத்தது தப்பு. குழந்தைகள் மூச்சுக்குப் போராடும் அறை அது. ஆனால் கொதித்தவர்களில் பலரும் கொதித்தது குழந்தைகளுக்காக அல்ல, விளக்கேந்திய படம் கலைந்துவிட்டதே என்றுதான். டிக்டாக் 2020 ஜூன் 29-ஆம் தேதி இந்தியாவில் தடை செய்யப்பட்டது. அந்த ஆட்டம் ரீல்ஸ் என்று வேறு வீட்டுக்குக் குடி போய்விட்டது.

அக்காவின் பேத்தியும் நர்ஸ்தான். திருவொற்றியூர்ப் பக்கம் ஒரு தனியார் ஆஸ்பத்திரி. மெட்ரோவில் போகும்போது கொரியத் தொடர் பார்க்கிறாள். அவளும் இரண்டு தோழிகளும் டூட்டி அறையில் எடுத்த நாற்பது விநாடி ரீல் ஒன்றை நிர்வாகம் பார்த்துவிட்டு எழுத்தில் விளக்கம் கேட்டது. அழித்துவிட்டாள். அந்த ஆஸ்பத்திரிக்கே விளம்பரப் பக்கம் இருக்கிறது, அதில் இவர்களை வரிசையாக நிற்கவைத்துக் கேக் வெட்டிய படம் இருக்கிறது. அது வேறு விஷயமாம்.

எனக்கும் உள்ளூர ஒரு வருத்தம் இருந்தது. கேட்டேன்: “ஆடறதைக் காட்டறீங்களே, செய்யற வேலையைக் காட்டலாமில்ல?”

“எப்படித் தாத்தா காட்டறது? பேஷன்ட் மூஞ்சி வரக்கூடாது. பேஷன்ட் பேரு வரக்கூடாது. கேஸ் ஷீட்டு, மானிட்டரு எதுவும் வரக்கூடாது. அது சரிதான், வரக்கூடாதுதான். அதெல்லாம் எடுத்துட்டா எங்க வேலைல மிச்சம் என்ன இருக்கு? நாங்க மூணு பேரும் ஒரு கதவும்தான்.”

இதற்கு என்னிடம் பதில் இல்லை. என் விமர்சனப் பயிற்சி அத்தனையும் வைத்து நான் காணாததை அவள் ஒரு மூச்சில் சொல்லிவிட்டாள். சினிமா கடமையைக் காட்டியது, உழைப்பு இல்லாமல். ரீல் ஓய்வைக் காட்டுகிறது, அதுவும் உழைப்பு இல்லாமல். நடுவில் இருப்பது நோயாளிக்குச் சொந்தமானது, அதை எடுத்துக் காட்டும் உரிமை அவளுக்கில்லை. அவள் காட்டாமல் விடுவதே அவள் வேலையின் ஒரு பகுதி. சாந்தி படத்துக்காகப் பேசாமல் இருந்தாள். இவள் பேசாமல் இருப்பது வேறு.

2023 டிசம்பர் 26 இரவு எண்ணூர் பெரியகுப்பத்தில் கோரமண்டல் இன்டர்நேஷனல் ஆலைக்குப் போகும் கடலடிக் குழாயிலிருந்து அமோனியா கசிந்தது. நள்ளிரவுக்குச் சற்று முன். ஜனங்கள் வாயில் துணியைப் பொத்திக்கொண்டு சாலையில் ஓடிய காட்சிகளை நாம் எல்லோரும் கைபேசியில் பார்த்தோம். அன்று அவளுக்கு நைட் டூட்டி. ஆஸ்பத்திரிக்குள் நடந்தது எதிலும் வரவில்லை. அவள் சொல்லித்தான் தெரியும்: கண்ணில் அமோனியா பட்டவரை உட்கார வைத்து, இமையை விரலால் பிரித்துப் பிடித்து, சலைன் பாட்டிலைத் திறந்து ஒரு ஆளுக்கு இருபது நிமிஷம் கழுவ வேண்டும். எரிச்சலில் கையைத் தட்டிவிடுவார்கள். கிழவி ஒருத்தி இவள் கையைக் கடித்துவிட்டாள். பன்னிரண்டு கண் கழுவினேன் தாத்தா என்றாள். ஆறு பேர் என்று சொல்லவில்லை.

அக்காவுக்கு இப்போது எழுபத்தைந்து வயசு. அந்த ரீலை அழிப்பதற்கு முன் பேத்தி அவளிடம் காட்டினாள். நானும் பக்கத்தில் இருந்தேன். அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நாற்பது விநாடியும் பார்த்தாள். இன்னொரு தடவை போடு என்றாள்.

“பின்னாடி சுவத்துல மணி ரெண்டே முக்கால் காட்டுது. அப்ப வார்டுல யாரு இருந்தா?”

“இன்னொரு ஸ்டாஃப் இருந்தா பாட்டி. மாத்தி மாத்திப் பத்து நிமிஷம்.”

“ட்ரிப் எத்தினி ஓடுது?”

“ஏழு. பாத்துட்டுத்தான் வந்தோம்.”

அக்கா கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. திட்டப் போகிறாள் என்று நினைத்தேன். பேத்தியும் அப்படித்தான் நினைத்திருப்பாள், கைபேசியை மெதுவாக வாங்கப் பார்த்தாள். “நீங்கல்லாம் அந்த நேரத்துல என்ன பண்ணுவீங்க பாட்டி, தூக்கம் வந்தா?” என்று கேட்டாள்.

“பாடுவோம்” என்றாள் அக்கா. “துணி வைக்கற ரூம்ல கதவச் சாத்திக்கிட்டு, மெதுவா. ஸ்டெரிலைசர் கொதிக்கற சத்தத்துல வெளிய கேக்காது.”

என்ன பாட்டு என்று கேட்டேன்.

“அந்தப் படத்துப் பாட்டுதான். அவ கை கழுவலன்னா பாட்டு என்னடா பண்ணும்” என்றாள்.